மணிமுத்தாறு: மழை பெய்த இடமும் வெள்ளம் போன வழியும்



நினைவுச் சொற்பொழிவு என்றால் பெரிய தலைப்பாக எடுத்துக்கொள்வது நம்மிடையே வழக்கமாகிவிட்டது. சாதி ஒழிப்பு, நில உரிமை, பண்பாட்டு அரசியல் என்று ஏதாவது ஒன்று. இம்முறை ஒரு கிளையாற்றைப் பற்றிப் பேசுகிறேன் என்று சொன்னபோது, இது சுற்றுச்சூழல் கூட்டத்துக்குரிய பேச்சல்லவா என்று அமைப்பாளர்களில் ஒருவர் கேட்டார். நியாயமான கேள்விதான். ஆற்றை நாம் அவர்களுக்கு விட்டுக்கொடுத்துவிட்டோம். பொறியாளர்களுக்கும் விவசாயச் சங்கங்களுக்கும் புஷ்கர விழாக் குழுக்களுக்கும் விட்டுக்கொடுத்துவிட்டோம். தலித் வரலாறு எழுதுகிறவர்கள் ஆற்றுக்குள் இறங்குவதற்கு ஆண்டில் ஒரே ஒரு நாள்தான் மிச்சம் இருக்கிறது. அது ஜூலை 23. அந்த நாளுக்குப் பிறகு வருகிறேன். முதலில் ஆறு.

கிளையாறு என்றதும் திருநெல்வேலிக்காரர்கள் குற்றாலத்திலிருந்து வரும் சிற்றாற்றை நினைப்பார்கள். நான் சொல்வது மணிமுத்தாறு. தாமிரபரணியின் துணையாறுகளில் சேர்வலாறு, கடனாநதி, பச்சையாறு, சிற்றாறு எல்லாவற்றுக்கும் ஒவ்வொரு குணம் உண்டு. கடனாநதி வடக்கிலிருந்து வந்து திருப்புடைமருதூரில் சேர்கிறது. சிற்றாறு கிழக்கே வெகுதூரம் ஓடி வந்து சீவலப்பேரியில் சேர்கிறது. மணிமுத்தாறு தெற்குப் பக்க மலையிலிருந்து நேராக இறங்கி அம்பாசமுத்திரம், கல்லிடைக்குறிச்சி வட்டாரத்திலேயே தாமிரபரணியோடு கலந்துவிடும். சமவெளியில் அது ஓடும் தூரம் மிகக் குறைவு. மேலே காடு, நடுவில் அருவி, அருவிக்குக் கீழே அணை, அணைக்குக் கீழே கொஞ்ச தூரம் வயல்காடு, அவ்வளவுதான். தனக்கென்று ஒரு நகரமோ பெரிய கோயிலோ இல்லாத ஆறு. அதனால்தானோ என்னவோ, தாமிரபரணிக்கு இருக்கிற தலபுராணப் பெருமை எதுவும் இதற்கு வாய்க்கவில்லை.

ஆனால் தண்ணீர்க் கணக்கில் இது சின்ன ஆறு இல்லை. இந்த மலைச்சரிவு கிழக்கு நோக்கி நிற்கிறது. தென்மேற்குப் பருவக்காற்று மலை முகட்டைத் தாண்டி வந்து நனைக்கும். வடகிழக்குப் பருவத்தில் வங்கக் கடலிலிருந்து வரும் மேகம் நேராக வந்து இதில்தான் மோதும். சமவெளியில் மழை மறைவுப் பகுதியாகக் காய்ந்து கிடக்கும் மாவட்டத்துக்கு மேலே, அண்ணாந்து பார்த்தால் தெரிகிற தூரத்தில், தமிழ்நாட்டிலேயே மிக அதிகமாக மழை பெறும் இடங்களில் சில இருக்கின்றன. வானிலைச் செய்திகளில் நாலுமுக்கு, ஊத்து, காக்காச்சி, மாஞ்சோலை என்று ஒவ்வோர் ஆண்டும் அவற்றின் பெயர்களைக் கேட்கிறீர்கள். இந்த நான்கும் மலைச்சிகரங்களின் பெயர்கள் இல்லை. தேயிலைத் தோட்டத் தொழிலாளர் குடியிருப்புகளின் பெயர்கள். மழையின் பெயரும் கூலிக்காரர்களின் முகவரியும் ஒன்றாக இருக்கிற ஊர்கள் தமிழ்நாட்டில் வேறு எத்தனை இருக்கின்றன என்று தெரியவில்லை.

அந்த மக்கள் அங்கே போன கதையைச் சுருக்கமாகவே சொல்கிறேன், உங்களில் பலருக்குத் தெரிந்ததுதான். மலை சிங்கம்பட்டி ஜமீனுக்குச் சொந்தமாக இருந்தது. வழக்குச் செலவில் கடன்பட்ட ஜமீன், 1929இல் 8,373 ஏக்கர் காட்டைப் பாம்பே பர்மா டிரேடிங் கார்ப்பரேஷனுக்கு 99 ஆண்டுக் குத்தகைக்குக் கொடுத்தது. காட்டை வெட்டித் தேயிலை போட ஆள் வேண்டும். திருநெல்வேலிச் சீமையிலிருந்தும் கேரளத்திலிருந்தும் ஆள் பிடித்தார்கள். போனவர்களில் பெரும்பாலோர் தலித்துகள், குறிப்பாகத் தேவேந்திரர்களும் பறையர்களும். (தேவேந்திரர்களைத் தலித் என்ற சொல்லுக்குள் வைப்பது பற்றி இப்போது விவாதம் இருக்கிறது. அந்த விவாதத்தை மதிக்கிறேன். இந்த உரையின் காலத்தில் நடந்த ஒடுக்குமுறை அவர்களை எந்த வரிசையில் நிறுத்தியதோ, அந்த வரிசையைக் குறிக்கவே சொல்லைப் பயன்படுத்துகிறேன்.) கீழே ஆற்றுப்பாசன வயலில் பரம்பரைப் பண்ணையாளாக இருந்தவர்கள் மேலே அதே ஆற்றின் ஊற்றுக்கண்ணில் தோட்டக் கூலியாக ஆனார்கள். பண்ணையாரின் தெருவை விட்டு விலகியது ஒரு விடுதலை என்று நினைத்துப் போனவர்களும் அவர்களில் இருந்திருக்க வேண்டும். லைன் வீட்டில் குடியிருக்கலாம், வேலை ஓயும் நாளில் அந்த வீட்டைக் காலி செய்ய வேண்டும். ஒரு சென்ட் நிலம்கூட யாருக்கும் சொந்தமில்லை. 1952இல் ஜமீன் ஒழிந்தது, மலை அரசாங்கத்துக்கு வந்தது, குத்தகை மட்டும் ஒழியவில்லை.

இனி மழைக்கு வருவோம்.

1992 நவம்பர் 13ஐ ஒட்டிய 24 மணி நேரத்தில் காக்காச்சியில் பதிவான மழை 965 மில்லிமீட்டர். தூத்துக்குடி அருகே கரை கடந்த புயலின் விளைவு அது. தமிழ்நாட்டில் ஒரே நாளில் பதிவான மிக அதிக மழை என்று வானிலை ஆர்வலர்கள் இன்றும் குறிப்பிடுவது இந்த எண்ணைத்தான். தமிழ்நாட்டின் சராசரி ஆண்டு மழையே 900 மில்லிமீட்டருக்குச் சற்று மேல்தான். அதாவது மாநிலத்துக்கு ஓர் ஆண்டில் பெய்ய வேண்டிய மழை, அந்த லைன் வீடுகளின் தகரக் கூரைமேல் ஒரு பகலும் ஓர் இரவும் பெய்து தீர்த்தது.

ஒரு சின்னக் கணக்குப் போட்டுப் பார்க்கலாம். மாணவர்கள் கையோடு போட்டுக்கொள்ளுங்கள். மணிமுத்தாறு அணைக்கு மேலே உள்ள நீர்ப்பிடிப்புப் பரப்பு சுமார் 160 சதுர கிலோமீட்டர். காக்காச்சியில் பெய்தது போல அந்தப் பரப்பு முழுவதும் பெய்ததாக வைத்துக்கொண்டால், விழுந்த நீர் 15 கோடியே 44 லட்சம் கனமீட்டர். நம் ஊர்க் கணக்கில் ஏறத்தாழ 5.45 டிஎம்சி. அணையின் முழுக் கொள்ளளவு 5.5 டிஎம்சி. 118 அடி அணையை அடிமட்டத்திலிருந்து ததும்பும் வரை நிரப்ப ஒரு நாள் போதும். அந்த நீர் 24 மணி நேரத்தில் சீராக வந்தால்கூட விநாடிக்கு 63,000 கனஅடி. உண்மையில் மழை எல்லா இடத்திலும் ஒரே அளவாகப் பெய்யாது, கொஞ்சத்தைக் காட்டு மண் உறிஞ்சும், ஆறும் சீராக வராது, நடு இரவில் ஒரேயடியாக உருட்டிக்கொண்டு வரும். எனவே இது எல்லையைக் காட்டும் கணக்கு மட்டும்தான். ஆனாலும் இந்தக் கணக்கைப் போட்டுப் பார்த்த பிறகுதான், மணிமுத்தாறு என்கிற இந்தச் சின்ன ஆற்றின் கையில் எவ்வளவு பெரிய வெள்ளம் இருக்கிறது என்பது எனக்குப் புரிந்தது. கூடவே காரையாறும் சேர்வலாறும் வேறு இருக்கின்றன. மூன்று மலையாறுகளும் ஒரே இரவில் இறங்கினால் தாங்குவதற்குக் கீழே உள்ளது ஒற்றைத் தாமிரபரணி.

அந்த வெள்ளத்தைத் திருநெல்வேலி நகரம் நன்றாக நினைவில் வைத்திருக்கிறது. குறுக்குத்துறை முருகன் கோயில் எவ்வளவு மூழ்கியது, தண்ணீர் எந்தக் கடை வரைக்கும் ஏறியது என்று இன்றும் பேசுவார்கள். அணைகளைச் சொல்லாமல் திறந்துவிட்டார்கள் என்ற பேச்சும் உண்டு. பெரிய வெள்ளம் வந்த எந்த ஊரிலும் இந்தப் பேச்சு இருக்கும், பல நேரம் அதில் உண்மையும் இருக்கும். எனக்கு வேறொரு கேள்வி. வெள்ளத்தை நினைவில் வைத்திருப்பவர்கள் யார்? அடையாளம் வைக்கக் கல் கட்டடமும் கோயில் படித்துறையும் உள்ளவர்கள். மண்சுவர் வீடு வெள்ளத்தோடு கரைந்து போனால் தண்ணீர் எந்த மட்டம் வரை ஏறியது என்று கோடு கிழித்துக் காட்டச் சுவர் இருக்காது.

சமூகவியல் முதுகலை படிக்கும்போது கிராமத்தின் வரைபடம் போடக் கற்றுக்கொடுத்தார்கள். அக்ரகாரம் இந்தத் திசை, குடியானவர் தெரு இந்தத் திசை, சேரி வயலுக்கு அப்பால் என்று. ஆந்த்ரே பெத்தேயின் தஞ்சாவூர் ஆய்வைப் படித்தவர்களுக்கு இது தெரியும். திசையைக் கற்றுக்கொண்ட அளவுக்கு உயரத்தை நாங்கள் கற்கவில்லை. ஊரும் சேரியும் எத்தனை அடி தூரம் என்று அளந்தோம், எத்தனை அடி பள்ளம் என்று அளக்கவில்லை. தாமிரபரணிக் கரையில் போய் நின்றால் இந்த இரண்டாவது அளவுதான் முதலில் கண்ணில் படும். ஊர் மேட்டில் இருக்கும். அதன் தெரு ஆற்றுப் படித்துறைக்கு இறங்கும், அதாவது ஆற்றைவிட உயரத்தில் நின்று ஆற்றைப் பயன்படுத்தும். சேரி பெரும்பாலும் வாய்க்காலுக்கும் வயலுக்கும் நடுவில், மறுகால் தண்ணீர் ஓடும் பக்கத்தில், நெல் விளைவதற்கு ஏற்ற மட்டத்தில் இருக்கும். வயலுக்குத் தண்ணீர் தானாகப் பாய வேண்டும் என்றால் வயல் தாழ்ந்திருக்க வேண்டும். வயலோடு கிடக்க வேண்டியவர்களின் வீடும் அந்தத் தாழ்விலேயே வைக்கப்பட்டது.

திருநெல்வேலியின் விவசாய வரலாற்றை எழுதிய டேவிட் லட்டன், மாவட்டத்தை நன்செய் மண்டலம், புன்செய் மண்டலம், இரண்டும் கலந்த மண்டலம் என்று பிரித்தார். நன்செய் மண்டலம் என்பது தாமிரபரணியும் அதன் அணைக்கட்டுகளும் உருவாக்கியது. ஆற்றின் மேல் எட்டு அணைக்கட்டுகள். கடைசியாக உள்ள ஸ்ரீவைகுண்டம் மட்டும் ஆங்கிலேயர் காலத்தது, மற்ற ஏழும் அதற்கு முந்தியவை. மணிமுத்தாற்றிலிருந்தும் பெருங்கால் என்ற பழைய வாய்க்கால் பிரிகிறது. நிலம் பிராமணர்களிடமும் வெள்ளாளர்களிடமும் இருந்தது. உழைப்பு பள்ளர்களிடம் இருந்தது. கல்லிடைக்குறிச்சி என்றால் இன்று எல்லோருக்கும் அப்பளம்தான் ஞாபகம் வரும். அது வட்டிக்கடையும் நிலவுடைமையும் சேர்ந்து செழித்த ஊர் என்பதும், அந்தச் செழிப்பின் அடியில் கன்னடியன் கால்வாயின் தண்ணீர் ஓடியது என்பதும் அதற்கு முந்தைய வரலாறு.

இந்த நன்செய்யில் தண்ணீரை வைத்து வேலை செய்தவர்களுக்குத் தனிப் பெயர்கள் இருந்தன. மடைக்குடும்பர் என்றும் நீராணிக்கர் என்றும் நீர்ப்பாய்ச்சி என்றும் சொன்னார்கள். எந்த வயலுக்கு எத்தனை நாழிகை, எந்த மடையை எவ்வளவு திறப்பது, மழை வந்தால் எந்தக் கலிங்கை உடைத்துவிடுவது என்பதெல்லாம் அவர்கள் கையில் இருந்த அறிவு. நிலம் இல்லாதவரிடம் தண்ணீரை ஒப்படைத்ததற்கு ஒரு காரணம் சொல்வார்கள்: அவருக்கு வயல் கிடையாது, அதனால் ஓரவஞ்சனை செய்யமாட்டார். இதைப் பழைய கிராமத்தின் சமநீதியாகப் புகழ்ந்து எழுதுகிறவர்கள் உண்டு. நேர்மையானவர் என்று நம்பிக் கொடுத்த பொறுப்புத்தான், மறுக்கவில்லை. ஆனால் நேர்மைக்குத் தகுதியாக நிலமின்மையை வைத்த ஏற்பாட்டில் எனக்குப் புகழ எதுவும் தெரியவில்லை. வெள்ளக் காலத்தில் அந்தப் பொறுப்பின் மறுபக்கம் தெரியும். கரை கசியும் இரவில் மடைக்குள் மூழ்கி அடைப்பை எடுக்க வேண்டியவர் அவர்தான். தென்மாவட்டங்களில் குளத்துக் கரைகளில் மடையோடு செத்துப்போன குடும்பனைப் பற்றிய கதைகள் ஊருக்கு ஊர் உண்டு. சில இடங்களில் அவர் சாமியாகவும் நிற்கிறார். சாமியாக்கியதோடு ஊர் தன் கடனைத் தீர்த்துக்கொண்டது.

வெள்ளைக்காரன் வந்து இதைச் சட்டமாக்கினான். 1858ஆம் ஆண்டின் முதல் சட்டம், சென்னை மாகாணக் கட்டாய உழைப்புச் சட்டம். வெள்ளத்தால் வரும் சேதத்தைத் தடுக்கக் கட்டாய உழைப்பைச் சட்டபூர்வமாக்குவதும், பாசன வேலைகளில் வழக்கமாக வாங்கிவந்த உழைப்பை வலியுறுத்துவதும்தான் அதன் நோக்கம் என்று முகப்பிலேயே எழுதியிருக்கிறது. ஆறோ குளமோ உடையும் நிலை வந்தால், உழைக்கும் வகுப்பைச் சேர்ந்த உடல் வலுவுள்ளவர்களை அனுப்பும்படி ஊர்த்தலைவர்களுக்கு அதிகாரி உத்தரவிடலாம். மறுத்தால் தண்டனை. இந்த வாசகத்தில் ‘உழைக்கும் வகுப்பு’ என்பதைக் கவனியுங்கள். வெள்ளம் வந்தால் நனைவது எல்லோருடைய நிலமும். கரையில் மண் சுமக்க வேண்டியவர் யார் என்பதைச் சட்டமே வகுப்பைச் சொல்லிப் பிரித்துவிட்டது. சாதிப் பெயரை எழுத வேண்டிய அவசியம் சட்டத்துக்கு இல்லை. உத்தரவை வாங்கிக்கொள்ளும் ஊர்த்தலைவருக்கு எந்தத் தெருவுக்கு ஆள் அனுப்ப வேண்டும் என்று தெரியும். 1858 என்பது 1857க்கு அடுத்த ஆண்டு. பெருங்கலகத்துக்குப் பிறகான ஆட்சி தென்னிந்தியக் கிராமத்தின் எந்த வழக்கத்தை முதலில் எழுத்தில் காப்பாற்றிக்கொண்டது என்பதை நம் வரலாற்று மாணவர்கள் இன்னும் விரிவாக ஆராய வேண்டும்.

விடுதலைக்குப் பிறகு மணிமுத்தாற்றில் அணை வந்தது. 1958இல், காமராசர் ஆட்சியில். தாமிரபரணி நன்செய்க்குள் வராமல் கிடந்த நாங்குநேரி, சாத்தான்குளம் பக்கத்துக் காய்ந்த குளங்களுக்கு நான்கு ரீச்சுகளாகக் கால்வாய் வெட்டித் தண்ணீர் கொண்டுபோனது அந்தத் திட்டம். நன்செய் மண்டலத்தின் தனியுரிமையை முதல்முறையாகக் கொஞ்சம் உடைத்தது என்ற அளவில் அது முக்கியமானது. வறண்ட நிலத்துச் சாதிகளுக்குத் தண்ணீர் கிடைத்தது. கடைசி ரீச்சுக்குத் தண்ணீர் போவதில்லை என்ற புகார் இன்றும் ஓயவில்லை, அது தனிக்கதை. ஆனால் திட்டம் நிலத்துக்குத் தண்ணீர் கொடுத்தது, ஆளுக்குக் கொடுக்கவில்லை. நிலம் இருந்தவர் பாசனதாரர் ஆனார். நிலம் இல்லாதவருக்கு அதே கால்வாயில் மண்வேலை கிடைத்தது. மேலே தோட்டத்தில் இருந்தவர்களுக்கு அதுவும் இல்லை. அவர்கள் தலையில் பெய்த மழை எத்தனையோ மைல் தாண்டிப் போய்ச் சாத்தான்குளத்தில் யாரோ ஒருவரின் பட்டாவில் பாய்ந்தது.

வெள்ள நிவாரணத்திலும் இதே கணக்குத்தான் ஓடுகிறது. தாமிரபரணிப் பாசனத்தில் கார், பிசானம் என்று இரண்டு பருவம். நவம்பர் வெள்ளம் பிசான நடவை ஒட்டி வரும். பயிர் மூழ்கினால் கிராம நிர்வாக அலுவலர் வந்து பரப்பை அளப்பார், ஏக்கருக்கு இவ்வளவு என்று கணக்கு எழுதப்படும். பணம் பட்டாதாரருக்குப் போகும். அந்த வயலில் நடவுக்குப் போயிருக்க வேண்டிய பெண்களுக்கு இருபது நாள் கூலி போயிருக்கும். களையெடுப்பும் அறுப்பும் சேர்ந்து போயிருக்கும். அது எந்தப் படிவத்திலும் வராது. சேதம் என்றால் சொத்துக்கு வருவது என்ற இலக்கணம் இருக்கிற வரை, சொத்தில்லாதவருக்குச் சேதமும் இல்லை. புறம்போக்கில் வீடு இருந்தால் இன்னொரு சிக்கல் சேரும். வெள்ளம் அடித்துக்கொண்டு போன வீடு ஆக்கிரமிப்பு என்று எழுதப்பட்டு, நிவாரணம் கேட்கப் போனவர் குற்றவாளியாகத் திரும்பி வருவார். களத்தில் வேலை செய்கிற தோழர்கள் இந்த அனுபவம் இல்லாமல் இருக்க முடியாது.

இப்போது 1999.

மாஞ்சோலைத் தொழிலாளர்கள் கூலி உயர்வு கேட்டுப் போராடினார்கள். 652 பேர் கைது செய்யப்பட்டுச் சிறையில் இருந்தார்கள். 1995இல் கொடியன்குளத்தில் போலீஸ் நடத்திய தாக்குதலின் சூடு தென்மாவட்டங்களில் இன்னும் ஆறாத காலம் அது. சிறையில் உள்ளவர்களை விடுவிக்க வேண்டும், கூலிப் பிரச்சினையைத் தீர்க்க வேண்டும் என்று ஜூலை 23ஆம் நாள் புதிய தமிழகம் கட்சியின் டாக்டர் க. கிருஷ்ணசாமியும் பிற கட்சித் தலைவர்களும் தலைமை ஏற்கப் பெரும் ஊர்வலம் திருநெல்வேலி ஆட்சியர் அலுவலகத்துக்குப் போனது. ஆட்சியர் அலுவலகம் கொக்கிரகுளத்தில், ஆற்றின் கரையிலேயே இருக்கிறது. போலீஸ் தடியடி நடத்தியது. ஒரு பக்கம் போலீஸ், மறுபக்கம் ஆறு. மக்கள் ஆற்றுக்குள் ஓடினார்கள், துரத்தப்பட்டார்கள். 17 பேர் இறந்தார்கள். இரண்டு பெண்கள், ஒன்றரை வயதுக் குழந்தை ஒன்று உட்பட.

அன்று ஆற்றில் வெள்ளம் இல்லை. இதை நான் அழுத்திச் சொல்ல விரும்புகிறேன், ஏனென்றால் பின்னால் அமைக்கப்பட்ட நீதிபதி மோகன் ஆணையம், இறந்தவர்களில் பெரும்பாலோர் நீரில் மூழ்கி இறந்தார்கள் என்ற முடிவுக்கு வந்தது. உடற்கூறு அறிக்கையின் மொழியில் அது சரியாகவே இருக்கலாம். நுரையீரலில் தண்ணீர் இருந்திருக்கும். ஆனால் ‘மூழ்கி’ என்ற வினையெச்சத்துக்கு எழுவாய் இறந்தவர்தான். மூழ்கடித்தவருக்கு அந்த வாக்கியத்தில் இடம் இல்லை. வெள்ளச் சாவுகளுக்கு அரசு எப்போதும் பயன்படுத்தும் வாக்கியம் இது. ஆறு கொன்றது, மழை கொன்றது, இயற்கை கொன்றது. 1992இல் பள்ளத்து வீட்டுக்காரருக்குப் பொருந்திய அதே வாக்கியத்தை, வெள்ளமே இல்லாத ஒரு ஜூலை நாளில் போலீஸ் தடிக்குத் தப்பி ஓடியவர்களுக்கும் அரசு எந்தச் சிரமமும் இல்லாமல் எடுத்துப் போட்டது. ஆர்.ஆர்.சீனிவாசன் எடுத்த ஆவணப்படத்துக்கு ‘நதியின் மரணம்’ என்று பெயர். அந்தப் படம் இல்லையென்றால், கரையில் என்ன நடந்தது என்பதற்கு நம்மிடம் ஆணையத்தின் வாக்கியங்கள்தான் பெரிதாக மிஞ்சியிருக்கும்.

கூலி கேட்டுப் போராடிய தொழிலாளர்கள் இருந்தது மணிமுத்தாற்றின் தலையில். அவர்களுக்காகப் போனவர்கள் விழுந்தது தாமிரபரணியின் இடுப்பில். மேலே அவர்களுடைய லைன் வீட்டு முற்றத்தில் பெய்யும் மழை இரண்டொரு நாளில் கொக்கிரகுளத்தைத் தாண்டிப் போகும். இது உவமை இல்லை, நிலவியல்.

2023 டிசம்பர் 17, 18இல் மறுபடியும் பெருவெள்ளம் வந்தது. இந்த முறை மழையின் மையம் மலை அல்ல, கடற்கரை. காயல்பட்டினத்தில் 24 மணி நேரத்தில் 946 மில்லிமீட்டர், காக்காச்சியின் பழைய பதிவுக்கு மிக அருகில். திருச்செந்தூரிலும் ஸ்ரீவைகுண்டத்திலும் 600 மில்லிமீட்டருக்கு மேல். ஸ்ரீவைகுண்டத்தில் ரயில் ஒன்று நின்றுபோய் எண்ணூறு பயணிகள் அளவில் சிக்கிக்கொண்டதை நாடு முழுவதும் தொலைக்காட்சியில் பார்த்தது. மலையிலும் கன மழை, அணைகளிலிருந்தும் உபரிநீர். மேலிருந்து வந்ததும் அங்கேயே பெய்ததும் தாமிரபரணியின் கடைமடையில் சந்தித்தன. குளங்கள் வரிசையாக உடைந்தன. ஒரு குளம் உடைந்தால் அதன் நீர் அடுத்த குளத்துக்குப் போகும்படிதான் நம் முன்னோர் சங்கிலியாக அமைத்திருந்தார்கள் என்று அப்போது பலர் பெருமையோடு எழுதினார்கள். சங்கிலியில் ஒவ்வொரு குளத்துக்கும் கீழே யாருடைய குடியிருப்பு இருக்கிறது என்று எழுதியவர்கள் குறைவு.

இதற்கு நடுவில் மேலே என்ன நடந்தது? அந்த மலை களக்காடு முண்டந்துறைப் புலிகள் காப்பகத்துக்குள் வருகிறது. குத்தகை முடிய வேண்டிய ஆண்டு 2028. அதற்கு முன்பே, 2024 ஜூனில், நிறுவனம் விருப்ப ஓய்வுத் திட்டத்தை அறிவித்துத் தோட்டத்தை மூடத் தொடங்கியது. மூன்று நான்கு தலைமுறையாக அங்கேயே பிறந்து வளர்ந்த ஐந்நூறுக்கும் மேற்பட்ட தொழிலாளர் குடும்பங்கள் மலையை விட்டு இறங்க வேண்டிய நிலை. அரசின் டான்டீ நிறுவனம் தோட்டத்தை எடுத்து நடத்தட்டும் என்ற கோரிக்கையை உயர் நீதிமன்றத்தின் மதுரை அமர்வு 2024 டிசம்பரில் ஏற்கவில்லை.

காடு திரும்பி வளர வேண்டும் என்ற வாதத்தை நான் லேசாக ஒதுக்கமாட்டேன். மேலே சோலைக்காடு அடர்ந்தால் மண் நீரைப் பிடித்து வைக்கும். மழை விட்ட பிறகும் ஆற்றில் நீர் ஓடும், சாதாரண மழையின் வேகமும் குறையும். காக்காச்சியில் பெய்தது போன்ற மழையைக் காடும் தாங்காது என்றாலும், இந்த நன்மை உண்மையானது. அதன் பலன் கீழே உள்ள எல்லோருக்கும், பள்ளத்துச் சேரிக்கும்கூட, வரும். எனக்கு உறுத்துவது கணக்கு வழக்கு. 1929இல் காட்டை வெட்டியவர் கூலிக்காரர், வெட்டச் சொன்னவர் நிறுவனம், விற்றவர் ஜமீன். ஜமீனுக்குப் பணம் வந்தது, பட்டம் நிலைத்தது. பக்கத்துக் காரையாற்றுக் கரையில் சொரிமுத்து அய்யனார் கோயிலில் ஆடி அமாவாசைக்கு அந்த ஜமீன் ராஜா உடையில் காட்சி கொடுப்பதைச் சமீப காலம் வரை லட்சக்கணக்கானவர்கள் பார்த்து வணங்கினார்கள். சக்கிலியப் பெண்களை மணந்து செருப்புத் தைத்துப் பட்டவராயனாகச் சாமியான முத்துப்பட்டனின் சந்நிதியும் அதே கோயிலில்தான் இருக்கிறது. நிறுவனத்துக்குத் தொண்ணூறு ஆண்டுக்கு மேல் தேயிலை கிடைத்தது. காட்டைத் திருப்பிக் கொடுக்க வேண்டிய நேரம் வந்ததும், தன் வீட்டையும் சேர்த்துக் கொடுக்க வேண்டியவராக நிற்பவர் கூலிக்காரர் மட்டும்தான்.

இறங்கி வருகிறவர்கள் எங்கே வந்து சேர்வார்கள் என்பது அடுத்த கேள்வி. கீழே அவர்களுக்கு ஒதுக்கப்படும் வீடும் மனையும் எந்த மட்டத்தில் இருக்கிறது என்று பார்க்க வேண்டும். அரசு இலவச மனை கொடுக்கும்போது நல்ல மேட்டு நிலத்தைத் தேடிக் கொடுத்த வரலாறு நமக்குக் குறைவு. யாரும் வாங்காத பள்ளம்தான் எளிதில் கிடைக்கும். வாழ்நாள் முழுவதும் மழைக்கு மேலே இருந்தவர்களைக் கொண்டுவந்து வெள்ளத்துக்குக் கீழே குடிவைத்துவிடக் கூடாது.

மாணவர்களிடம் ஒரு வேலையைக் கொடுத்துவிட்டு முடிக்கிறேன். நீர்வளத் துறையிடம் அணையின் நீர்வரத்துப் பதிவேடு இருக்கிறது. வானிலைத் துறையிடம் மழைக் கணக்கு இருக்கிறது. இரண்டையும் தகவல் உரிமைச் சட்டத்தில் கேட்டு வாங்கலாம். நம்மிடம் இல்லாதது மூன்றாவது பதிவேடு. மணிமுத்தாறு அணையிலிருந்து ஸ்ரீவைகுண்டம் வரை ஆற்றின் இரு கரையிலும் உள்ள ஒவ்வொரு காலனிக்கும் போய், 1992இலும் 2023இலும் தண்ணீர் எதுவரை ஏறியது என்று கேட்டு, அந்த இடத்தின் உயரத்தை அளந்து, பக்கத்து ஊர்த்தெருவின் உயரத்தோடு ஒப்பிட்டு எழுத வேண்டும். இப்போது கைப்பேசியிலேயே உயரம் பார்க்கும் செயலிகள் இருக்கின்றன. சில அடி பிழை வரும், அதனால் ஒரு மட்டக்குழாயும் கையோடு எடுத்துப் போங்கள். மடைக்குடும்பர், நீராணிக்கர் வேலை பார்த்த கடைசித் தலைமுறையில் சிலர் இன்னும் உயிரோடு இருக்கிறார்கள். எந்த வாய்க்கால் எந்த இடத்தில் உடையும் என்று பொறியாளரைவிட அவர்களுக்குத் தெரியும். எண்பது வயதைத் தாண்டியவர்கள், எனவே அடுத்த விடுமுறை என்று தள்ளிப்போடாதீர்கள். தோட்டத்திலிருந்து இறங்கி விக்கிரமசிங்கபுரம், அம்பாசமுத்திரம் பக்கம் வாடகை வீடுகளில் இருக்கும் முதியவர்களிடம் முதலில் போகலாம். 1992 நவம்பர் 13ஆம் தேதி இரவு காக்காச்சியில் எப்படி இருந்தது என்று கேளுங்கள்.